யார் சொன்னது? தொலைக்காட்சிப் புலனாய்வும் தமிழ்த் தொடரமைப்பும்

(பாலிக் புலாவில் நிகழ்த்திய பொதுச்சொற்பொழிவின் எழுத்துவடிவம்)



இவ்வூருக்கு வரும் மலைப்பாதையில் ஒவ்வொரு வளைவிலும் என் மனத்தில் ஓடிய சொல் இவ்வூரின் பெயர்தான். மலாய்மொழியில் ‘பாலிக்’ என்பது பின்புறத்தையும் மறுபுறத்தையும் குறிக்கும். ‘புலாவ்’ என்றால் தீவு. தீவின் மறுபுறம். ஜார்ஜ் டவுனில் நின்று பார்த்தவர் இட்ட பெயர் இது என்பதில் ஐயமில்லை. இங்கேயே பிறந்து, இங்குள்ள ஜாதிக்காய் மரங்களுக்கும் டுரியான் மரங்களுக்கும் இடையே வளர்ந்தவர்க்கு ஜார்ஜ் டவுன் அன்றோ மறுபுறம்? ஒரு பெயரைக் கேட்டால், அதை இட்டவர் எங்கே நின்றிருந்தார் என்பது தெரிந்துவிடுகிறது. செய்தித்தொடர் ஒன்றைக் கேட்கும்போதும் அவ்வாறு கண்டறிய இயலுமா என்பதே இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள். தொலைக்காட்சியின் நாட்டுநடப்பு நிகழ்ச்சிகள், புலனாய்வு இதழியல் ஆகியவற்றின் வரலாற்றை ஒரு மொழியியலாளன் பார்க்கும் கோணத்தில் பேசுமாறு என்னைப் பணித்தார்கள். கருவிகளின் வரலாற்றை அறிந்தவர் பலர் உளர். நான் வாக்கியங்களின் வரலாற்றைப் பேசுகிறேன்.

நம் நாட்டில் தொலைக்காட்சி 1963 டிசம்பர் 28ஆம் நாள் தொடங்கிற்று. அதன் முதல் ஒளிபரப்புக் கூடம் கோலாலம்பூரில் அம்பாங் சாலையில் உள்ள துங்கு அப்துல் ரகுமான் மண்டபத்தில் இருந்தது. 1969இல்தான் அங்காசாபுரிக்கு மாறினார்கள். நான் பிறந்தது தோட்டப்புறத்தில். எங்கள் தோட்டத்துப் பொது மண்டபத்தில் மரப்பெட்டிக்குள் பூட்டி வைத்திருந்த கறுப்பு வெள்ளைப் பெட்டியை மாலையில் கிராணியார் வந்து திறப்பார். பாயில் பிள்ளைகள், பின்னால் பெண்கள், வாசற்படியில் ஆண்கள். செய்தி தொடங்கியதும் பேச்சு அடங்கும். ஆனால் செய்தி முடிந்ததும் என் பாட்டி தவறாமல் ஒரு கேள்வி கேட்பார்: “யாருடா சொன்னா?” எழுத்தறியாத அம்மையார். ஐம்பது ஆண்டுகள் கழித்து நான் இங்கே பேசவிருப்பவை யாவும் அக்கேள்வியின் விரிவுரையே.

முதலில் சொற்கள். ‘கரண்ட் அஃபேர்ஸ்’ என்பதற்கு நாம் ‘நாட்டுநடப்பு’ என்கிறோம். தமிழகத்தில் ‘நடப்பு விவகாரம்’ என்றும் எழுதுவர். நம் சொல்லே நல்ல சொல் என்பது என் கருத்து. விவகாரம் என்றாலே வழக்கும் வம்பும் நினைவுக்கு வருகின்றன. ‘புலனாய்வு’ என்பது சற்று நின்று நோக்கத்தக்க சொல். தமிழகத்தில் மத்தியப் புலனாய்வுத் துறை என்பது காவல் அமைப்பு. புலனாய்வு இதழியல் என்பது செய்தியாளர் பணி. ஒரே சொல் இரண்டையும் சுமக்கிறது. இதற்கு முன்னோடியாக நம்மிடம் ‘ஒற்று’ உண்டு. திருக்குறளில் ஒற்றாடல் என ஓர் அதிகாரமே உள்ளது. அதில் வள்ளுவர் கூறும் ஒரு நெறியை இன்றைய செய்தி அறைகளில் எழுதி மாட்டலாம்: ஒற்றர்கள் ஒருவரையொருவர் அறியாதவாறு ஆள வேண்டும், அவ்வாறு தனித்தனியே வந்த மூவர் சொல்லும் ஒத்திருந்தால் மட்டுமே அதனைத் தெளியலாம். இக்கால இதழியல் ஆசிரியர்கள் தம்முள் தொடர்பற்ற பல மூலங்கள் வேண்டும் என்று கற்பிப்பது இதுவே. வேறுபாடு ஒன்றுண்டு. ஒற்றன் மக்களைப் பற்றி மன்னனிடம் சொன்னான். புலனாய்வுச் செய்தியாளர் மன்னனைப் பற்றி மக்களிடம் சொல்கிறார். சொல் ஒன்றாக இருப்பினும் அது செல்லும் திசை தலைகீழாகிவிட்டது.

தொலைக்காட்சியில் இத்திசைமாற்றம் நிகழ்ந்தது 1950களில். பிரிட்டனின் பி.பி.சி. 1953இல் ‘பனோரமா’ நிகழ்ச்சியைத் தொடங்கிற்று. அமெரிக்காவில் சி.பி.எஸ். நிறுவனத்தின் எட்வர்ட் முர்ரோ, 1954 மார்ச் 9ஆம் நாள், கம்யூனிஸ்டுகளைத் தேடுகிறேன் என்று பலரது வாழ்வைக் குலைத்த செனட்டர் மெக்கார்த்தியைப் பற்றி அரைமணி நேர நிகழ்ச்சி ஒன்றை வழங்கினார். அந்நிகழ்ச்சியின் பெரும்பகுதி மெக்கார்த்தியின் சொந்தப் பேச்சே. அவர் இன்ன நாளில் இன்ன இடத்தில் இன்னது சொன்னார் என்று எடுத்துக்காட்டி, அருகில் உண்மையை வைத்தார். ‘குற்றஞ்சாட்டப்படுகிறது’ என்ற தொடருக்கு அங்கே வேலை இல்லை.

அதே முர்ரோ 1960 நவம்பர் 25ஆம் நாள் அளித்த ‘அவமானத்தின் அறுவடை’ என்னும் ஆவணப்படம் தோட்டப்புறத்தில் பிறந்த எவரையும் அசைக்கும். ஊர் ஊராகச் சென்று பிறர் நிலத்தில் காய்கனி பறிக்கும் அமெரிக்க வேளாண் கூலிகளின் வாழ்க்கை அது. நன்றிநவிலல் திருநாளுக்கு மறுநாள், விருந்துண்ட களைப்பில் மக்கள் வீட்டில் இருக்கையில், அவ்வுணவைப் பறித்த கைகளைக் காட்டினார்கள். இதன் பின்கதையைச் சொல்லாமல் விட்டால் நான் நேர்மையற்றவனாவேன். அடுத்த ஆண்டு முர்ரோ அமெரிக்க அரசின் தகவல் நிறுவனத் தலைவரானார். பதவியேற்றதும், அதே படத்தைப் பி.பி.சி. ஒளிபரப்பக் கூடாதென்று கேட்டுக்கொண்டார். பி.பி.சி. இணங்கவில்லை. பதவி மாறினால் வாக்கியமும் மாறும் என்பதற்கு இதனினும் தெளிந்த சான்று எனக்குத் தெரியவில்லை.

தமிழர் பக்கம் வருவோம். பிரிட்டனின் கிரனாடா தொலைக்காட்சி 1963 முதல் ‘வேர்ல்ட் இன் ஆக்‌ஷன்’ என்னும் புலனாய்வு நிகழ்ச்சியை நடத்திற்று. அந்நிகழ்ச்சிக் குழுவினர் 1973இல் இலங்கையின் தேயிலைத் தோட்டங்களுக்குச் சென்றார்கள். ஒரு கோப்பைத் தேநீரின் விலை என்ன என்பதே அப்படத்தின் கேள்வி. தோட்டங்கள் பல பிரிட்டிஷ் நிறுவனங்களின் உடைமை. உழைத்தவர்கள் 1948இல் குடியுரிமை பறிக்கப்பட்ட மலையகத் தமிழர்கள். 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் யார் எந்நாட்டினர் என்று கணக்கிட்டுப் பங்கிடப்பட்டவர்கள். 1973, 1974 ஆண்டுகளில் உணவுப் பற்றாக்குறை அவர்களைத்தான் முதலில் கொன்றது. லயத்து வரிசை வீடுகளும் மெலிந்த குழந்தைகளும் பிரிட்டிஷ் வரவேற்பறைகளில், தேநீர்க் கோப்பைகளுக்கு நடுவே, தோன்றின. 1975இல் நிறுவனத் தோட்டங்களை இலங்கை அரசு நாட்டுடைமையாக்கிற்று. அதற்கு இப்படம் காரணம் என்று நான் சொல்லமாட்டேன். நிலச் சீர்திருத்தம் 1972இலேயே தொடங்கிவிட்டது. நான் சுட்ட விரும்புவது வேறொன்று. இலங்கையில் தொலைக்காட்சி தோன்றியதே 1979இல்தான். தம்மைப் பற்றி உலகம் கண்ட படத்தை அத்தொழிலாளர்கள் காணும் வாய்ப்பே இல்லை. அவர்கள் தமிழில் பேசினார்கள். அதன்மேல் ஆங்கிலக் குரல் ஏறிற்று. தமிழன் சாட்சியாக இருந்தான். செய்தி அவனுக்கு வரவில்லை. இந்த நிலையை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னர் மீண்டும் வருவேன்.

மலேசியாவில் புலனாய்வு ஏன் தொலைக்காட்சியில் வேரூன்றவில்லை என்று மாணவர்கள் கேட்பதுண்டு. வானொலி தொலைக்காட்சி நிலையமாகிய ஆர்.டி.எம். அரசுத்துறை, துறை அலுவலர் தம் அமைச்சகத்தைத் துருவி ஆராய்வார் என எதிர்பார்ப்பது அவருக்கே நியாயமன்று. 1984இல் டி.வி.3 தனியார் நிலையமாக வந்தது. அதே ஆண்டில் அச்சகங்கள் வெளியீடுகள் சட்டமும் வந்தது. 1987 அக்டோபரில் லாலாங் நடவடிக்கையின்போது மூன்று நாளிதழ்களின் உரிமங்கள் நிறுத்திவைக்கப்பட்டன. உரிமத்தை நம்பி வாழ்பவர் எச்சரிக்கையோடு இருப்பார், இதில் வியப்பில்லை.

ஆயினும் டி.வி.3இல் ஒருவர் இருந்தார். காரம் சிங் வாலியா. பஞ்சாபியர், 2018இல் மறைந்தார். மாசுபட்ட ஆறுகளையும் வெட்டப்பட்ட மலைகளையும் தேடிச் சென்று மலாய்மொழியில் செய்தி அளித்தவர். அச்செய்திகளில் மலாய்ப் பழமொழிகளும் பந்துன் அடிகளும் பெய்து வரும். நாடெங்கும் மக்கள் அவரைப் போல் பேசிக் காட்டிச் சிரித்தார்கள், நானும் சிரித்திருக்கிறேன். பிறகுதான் அதன் நுட்பம் விளங்கிற்று. நேராகச் சொன்னால் வழக்கு வரும் இடத்தில் பழமொழி வந்து நின்றது. பழமொழிக்கு ஆசிரியர் இல்லை. ஆகவே வழக்குத் தொடுக்க ஆளில்லை. கேட்டவர்களோ யாரைச் சொல்கிறார் என்பதை உடனே அறிந்தார்கள். தாய்மொழி அல்லாத ஒரு மொழியின் மரபை இத்துணை ஆழமாகத் தம் பணிக்குப் பயன்படுத்திய அவரைத் தமிழ்ச் செய்தியாளர்கள் கற்க வேண்டும்.

தமிழில் நமக்கு வாய்த்தவை பெரும்பாலும் உரையாடல் நிகழ்ச்சிகள். ஆர்.டி.எம். இரண்டாம் அலைவரிசையின் ‘வசந்தம்’, ஆஸ்ட்ரோ வானவில்லின் ‘விழுதுகள்’ ஆகியவை சமூகச் சிக்கல்களைப் பேசியிருக்கின்றன, பயனும் விளைந்திருக்கிறது. புலனாய்வு என்று சொல்லத்தக்கதைத் தொலைக்காட்சிக்கு வெளியே இயக்கங்கள் செய்தன. நம் பினாங்கிலேயே 1969இல் தோன்றிய பயனீட்டாளர் சங்கம், கடையில் வாங்கிய பொருளைச் சோதித்து, முடிவைத் தமிழ் உள்ளிட்ட நான்கு மொழிகளில் தன் இதழில் வெளியிட்டது. ‘பயனீட்டாளர்’ என்ற சொல் தமிழகத்தில் இல்லை, அங்கே ‘நுகர்வோர்’. நுகர்வோர் உண்டு முடிப்பவர். பயனீட்டாளர் பயனை ஈட்டுபவர், ஆகவே கணக்குக் கேட்பவர். சொல்லைத் தேர்ந்தவர் எவராயினும் வாழ்க. தோட்டங்களில் பாராகுவாட் என்னும் களைக்கொல்லி தெளித்த பெண்களின் உடல்நிலையை 2002இல் ஆராய்ந்து அறிக்கையாக வெளியிட்டவையும் தெனாகனித்தா முதலிய இயக்கங்களே. அந்த ஆண்டு தடைசெய்யப்பட்ட அம்மருந்து 2006இல் மீண்டும் அனுமதி பெற்றது. 2020இல்தான் முற்றாக விலக்கப்பட்டது. தெளித்தவர்களில் பெரும்பாலோர் தமிழ்ப் பெண்கள். நம் தொலைக்காட்சி அவர்கள் விரல்களை அருகில் சென்று காட்டியிருக்க வேண்டும்.

இனி என் துறைக்கு வருகிறேன். நம் தமிழ்ச் செய்திகளில் கணிசமானவை மலாயிலிருந்து மொழிபெயர்க்கப்பெறுபவை. மலாய்மொழியில் ‘டி’ என்னும் முன்னொட்டுச் செயப்பாட்டு வினையை ஆக்கும். ‘டிபெர்ச்சாயாய்’ என்றால் நம்பப்படுகிறது. ‘டிதாஹான்’ என்றால் தடுத்துவைக்கப்பட்டார். மலாயில் இது இயல்பான நடை. வீட்டிலும் கடையிலும் அப்படித்தான் பேசுவர்; அதில் மறைப்பு ஏதுமில்லை. தமிழில் ‘படு’ என்னும் துணைவினை அவ்வாறன்று. “சோறு என்னால் உண்ணப்பட்டது” என்று எந்தத் தாயிடமும் எந்தப் பிள்ளையும் சொன்னதில்லை. அது எழுத்துநடைக்கு உரிய கனத்த வடிவம். மொழிபெயர்ப்பாளர் எல்லா ‘டி’க்கும் ஒரு ‘படு’வை வைக்கும்போது, மலாயில் இயல்பாய் இருந்தது தமிழில் அதிகாரத்தின் குரலாகிறது. “கருதப்படுகிறது”, “கூறப்படுகிறது”, “அஞ்சப்படுகிறது” — கருதுபவர் யார், கூறுபவர் யார், அஞ்சுபவர்தாம் யார்?

செய்பவனை மறைத்துப் பேசுவது தமிழுக்குப் புதிதன்று என்று ஆசிரியர்கள் சிலர் இங்கே எண்ணக்கூடும். உண்மை. செயப்படுபொருளை அதுவே செய்ததுபோலச் சொல்வதும் வழக்கே என்று தொல்காப்பியர் வினையியலில் இடந்தந்திருக்கிறார். ‘திண்ணை மெழுகிற்று’ என்பது உரையாசிரியர் காட்டு. திண்ணை தன்னை மெழுகிக்கொள்ளாது. மெழுகியவள் தொடரில் இல்லை. ஆனால் அவள் அவ்வீட்டுப் பெண் என்பது கேட்பவர் அனைவர்க்கும் தெரியும். தெரிந்ததைச் சொல்லாமல் விடுவது ஒன்று. தெரியவேண்டியதைச் சொல்லாமல் விடுவது மற்றொன்று. “மலைச்சரிவு வெட்டப்பட்டது” என்னும் செய்தி இரண்டாம் வகையைச் சேர்ந்தது. வெட்டியவரின் பெயரை அத்தொடரின் எழுவாய் இடத்தில் நிறுத்துவதற்குச் செய்தியாளர் ஒருவர் மூன்று மாதம் நிலப்பதிவேடுகளையும் ஒப்புதல் கடிதங்களையும் புரட்ட வேண்டியிருக்கும். புலனாய்வு என்று நாம் சொல்லும் தொழில் பெரும்பாலும் இதுதான்.

தமிழில் இதற்கு எதிர்ப்பக்கத்தில் ஓர் அரிய கருவி உண்டு. “வந்தான்” என்பதற்கும் “வந்தானாம்” என்பதற்கும் இடையிலுள்ள ‘ஆம்’. நான் கண்டதில்லை, கேட்டது என்று ஓரசையில் சொல்லிவிடுகிறது. உலக மொழிகள் பலவற்றில் இதற்கு நேரான ஒட்டு இல்லை. அறிவு வந்த வழியை இலக்கணத்திலேயே காட்டும் இதனைச் சான்றுநிலை என்பர். பேச்சில் இதைக் கேட்டவர் உடனே “யார் சொன்னா?” என்பார், என் பாட்டியைப் போல. ஆனால் ‘ஆம்’ வம்புப் பேச்சின் சாயல் உடையது என்று கருதிச் செய்திநடை அதனை வெளியே நிறுத்திவிட்டது. அதன் இடத்தில் வந்தது ‘கூறப்படுகிறது’. இரண்டும் கேள்விச் செய்தியே. ஆயினும் ‘ஆம்’ கேள்வியைத் தூண்டுகிறது, ‘கூறப்படுகிறது’ கேள்வியை அடக்குகிறது.

இந்த ‘ஆம்’ தொடர்பாக என் பிழை ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பல ஆண்டுகளுக்கு முன், தோட்டப் பெண் தொழிலாளர்களைப் பற்றிக் குறும்படம் எடுத்த குழு ஒன்று, தமிழ்ப் பேட்டிகளை மொழிபெயர்த்துத் தருமாறு என்னைக் கேட்டது. மூதாட்டி ஒருவர், மருந்தடித்த பெண்கள் நால்வருக்கு நகம் கழன்று விழுந்ததாக விரிவாகச் சொன்னார். அத்தொடர் “விழுந்துச்சாம்” என்று முடிந்தது. எழுத்து திரையடியில் அடங்க வேண்டும், இடம் குறைவு, நான் “நால்வரின் நகங்கள் கழன்று விழுந்தன” என்ற பொருளில் சுருக்கிக் கொடுத்தேன். திரையிட்ட கூட்டத்தில் எதிர்த்தரப்பினர் எழுந்து, “அம்மா, நீங்கள் பார்த்தீர்களா?” என்று கேட்டார். “நான் பாக்கலீங்க, சொன்னாங்க” என்றார் மூதாட்டி. அவ்வளவுதான். படத்தில் சொன்னது பொய் என்றார்கள். குழுவினர் அவர் பகுதியையே வெட்டிவிட்டனர். அவர் பொய் சொல்லவில்லை. தாம் கேட்டதைக் கேட்டதாகவே இலக்கணப் பிழையின்றிச் சொன்னார். ‘ஆம்’ஐ விழுங்கியவன் நான், முனைவர் பட்டம் பெற்றவன். அவர் விழுந்த நகங்களைக் கண்ட அந்த நால்வரில் ஒருவரின் பெயரையும் சொல்லியிருந்தார் என்பதைப் பின்னர் முழு ஒலிப்பதிவையும் கேட்டபோது அறிந்தேன். அந்த ‘ஆம்’ இருந்திருந்தால், குழுவினர் அப்பெண்ணைத் தேடிச் சென்றிருப்பார்கள்.

தமிழகத்தைச் சுருக்கமாகத் தொட்டுச் செல்கிறேன். சென்னைத் தூர்தர்சன் 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கிற்று. அரசுக் குரலாகவே இருந்தது. 1993இல் சன் தொலைக்காட்சி வந்தபின் செய்தி விரைவுற்றது. 2001 ஜூன் 30ஆம் நாள் நள்ளிரவு கடந்து கலைஞர் கருணாநிதி கைதுசெய்யப்பட்ட காட்சியைச் சன் ஒளிபரப்பிய விதமும், அதே இரவை ஜெயா காட்டிய விதமும் மாணவர்கள் அருகருகே வைத்துப் பார்க்கத்தக்கவை. படம் பொய் சொல்லாது என்பார்கள். எங்கே தொடங்கி எங்கே வெட்டுவது என்பதைப் படம் தீர்மானிப்பதில்லையே. 2011இல் புதிய தலைமுறை, அடுத்த ஆண்டு தந்தி என இருபத்துநான்கு மணிநேரச் செய்தி நிலையங்கள் பெருகின. நால்வரை அமர்த்தி விவாதம் நடத்துவது மலிவு. ஒருவரை மூன்று மாதம் ஆவணம் தேட அனுப்புவது செலவு. எது பெருகிற்று என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. காட்டிற்குள் சென்று வீரப்பனை ஒளிப்பதிவு செய்து வந்தது கூட ‘நக்கீரன்’ என்னும் இதழ்தான்.

முன்பு நினைவில் வைக்கச் சொன்னதற்குத் திரும்புகிறேன். 2011 ஜூன் 14ஆம் நாள் பிரிட்டனின் சேனல் 4 ‘இலங்கையின் கொலைக்களங்கள்’ என்னும் படத்தை ஒளிபரப்பிற்று. இயக்கியவர் கேலம் மக்ரே. வழங்கியவர் ஜான் ஸ்நோ. 2009இல் போர் முடிந்த மாதங்களில் பொதுமக்கள் எடுத்த காட்சிகளும், படையினர் தம் கைப்பேசிகளில் எடுத்த காட்சிகளும் அதில் தொகுக்கப்பட்டிருந்தன. காட்சிகள் போலி என்றது இலங்கை அரசு. படுகொலைக் காட்சி ஒன்றை ஐக்கிய நாடுகளின் சிறப்பு அறிக்கையாளர் வல்லுநர்களைக் கொண்டு சோதித்து, மெய்யானது என்றார். பிரிட்டனின் ஒளிபரப்புக் கண்காணிப்பு அமைப்பும் முறையீடுகளை ஆராய்ந்து, விதிமீறல் இல்லை என்று முடிவுசெய்தது. இப்படத்தைத் தமிழில் ‘கூறப்படுகிறது’ என்று எவராவது முடித்திருந்தால், அச்சோதனைகள் யாவும் வீண்.

மக்ரே அதனை விரித்து 2013இல் ‘நோ ஃபயர் ஸோன்’ என்னும் முழுநீளப் படமாக்கினார். இந்தியத் தணிக்கை வாரியம் சான்றளிக்க மறுத்தது. நம் நாட்டில் 2013 ஜூலை 3ஆம் நாள் கோலாலம்பூரில் சீன அசெம்பிளி மண்டபத்தில் கோமாஸ் என்னும் அமைப்பு அதனைத் திரையிட்டது. தணிக்கைக்கு உட்படுத்தாத படத்தைத் திரையிட்டதாக அவ்வமைப்பின் லீனா ஹென்றி மீது 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டத்தின்கீழ் வழக்குத் தொடுத்தார்கள். 2016இல் விடுவிக்கப்பட்டார், மேல்முறையீட்டில் வழக்கு மீண்டும் உயிர்பெற்றது, 2017இல் குற்றவாளி என்று தீர்ப்பாகி, 10,000 ரிங்கிட் தண்டம் செலுத்தினார். நான்கு ஆண்டுகள். 1973இல் மலையகத் தமிழர் தம்மைப் பற்றிய படத்தைக் காண முடியாமற் போனதற்குத் தொலைக்காட்சிப் பெட்டி இல்லாதது காரணம். நாற்பதாண்டு கழித்துக் காரணம் வேறு.

அதே ஜூலை 3ஆம் நாளில் — தற்செயல்தான் — 2020இல் அல்ஜசீரா, ஊரடங்குக் காலத்தில் மலேசியாவில் தடுத்துவைக்கப்பட்ட வெளிநாட்டுத் தொழிலாளர்களைப் பற்றிய படத்தை வெளியிட்டது. அதிகாரிகள் விசாரணை தொடங்கினர். ஆகஸ்டில் அந்நிறுவனத்தின் கோலாலம்பூர் அலுவலகம் சோதனையிடப்பட்டது. படத்தில் தம் பெயரோடும் முகத்தோடும் பேசிய வங்காளதேச இளைஞர் ஒருவர் கைதுசெய்யப்பட்டு, நாடு கடத்தப்பட்டார். அப்படத்தின் நிறைகுறைகளில் எனக்கும் கருத்து வேறுபாடுகள் உண்டு. ஆனால் அவர் வாக்கியங்களில் எழுவாய் இருந்தது. ‘நான் கண்டேன்’ என்றார். ‘ஆம்’ என்னும் ஒட்டுக்கு அங்கே தேவை நேரவில்லை. தன்மை ஒருமையில் பேசுபவர்க்கே அதிக விலை என்பதை நாம் மாணவர்க்கு மறைக்கலாகாது. சாட்சியைக் காப்பது எவ்வாறு என்பதும் புலனாய்வுப் பாடத்தின் பகுதியே. மூதாட்டியைக் காக்கத் தவறியவன் இதைச் சொல்கிறேன்.

ஆசிரியர்கள் வகுப்பில் என்ன செய்யலாம் என்று கேட்டார்கள். நான் பணியில் இருந்த இறுதி ஆண்டுகளில் செய்ததைச் சொல்கிறேன். இரவுத் தமிழ்ச் செய்தியிலிருந்து ‘படு’ வந்த தொடர்களை மாணவர்கள் எழுதிவர வேண்டும். தொடருக்கு அருகே ஒரு கட்டம். அதில் செய்தவர் பெயரை எழுதிச் செய்வினையாக மாற்ற வேண்டும். இலக்கணப் பயிற்சி என்றே தொடங்கினேன். மாணவி ஒருத்தி எழுந்து, “ஐயா, எழுவாய் செய்தியிலேயே இல்லையென்றால் என்ன எழுதுவது?” என்று கேட்டாள். கட்டத்தைக் காலியாக விட்டு, அதன் கீழே, யாரைக் கேட்டால் அது தெரியும் என்று மட்டும் எழுதச் சொன்னேன். மறுவாரம் அவள் கொண்டுவந்த தாளில் பதினொரு தொடர்கள். ஏழு கட்டங்கள் காலி. கீழே நகராட்சிக் கழகம், நில அலுவலகம், குத்தகையாளர், மருத்துவமனைப் பதிவாளர் என்று பென்சிலால் எழுதியிருந்தாள். ஒன்றின் கீழ் மட்டும் ‘அந்தத் தெருவில் குடியிருக்கும் என் அத்தை’ என்றிருந்தது. அத்தையிடம் அவள் கேட்டும் வந்திருந்தாள்.

வினாக்கள் இருப்பின் கேளுங்கள்.